அம்மன் பார்க்காத வளைவு

யட்டியாந்தோட்டைக்கு மேலே உள்ள ரப்பர் தோட்டத்திலிருந்து காலை பஸ் இறங்கி வரும்போது ஒரு வேடிக்கை நடக்கும். வேடிக்கை என்பது வெளியாளின் பேச்சு. உள்ளே இருப்பவர்களுக்கு அது பல் விளக்குவது போல ஒரு அன்றாட வேலை. ரோட்டோரத்து அம்மன் கோயில் வந்ததும் பஸ்ஸில் இருக்கிற பெண்கள் எல்லோரும் கன்னத்தில் போட்டுக்கொள்வார்கள். கோயிலைத் தாண்டினால் ஒரு வளைவு. வளைவு திரும்பியதும் அதே கைகள் நெற்றிக்குப் போகும். ஸ்டிக்கர் பொட்டை நகத்தால் உரித்து, ஒருத்தி போன் கவருக்குள் ஒட்டுவாள், ஒருத்தி கைக்கடிகாரப் பட்டிக்குக் கீழே ஒட்டுவாள். கீழே இருக்கிற கடைகளிலும் கார்மெண்ட்ஸிலும் ஹோட்டல்களிலும் பொட்டில்லாத நெற்றியோடு வேலை பார்த்துவிட்டு, சாயங்காலம் அதே வளைவில் பொட்டை எடுத்து வைத்துக்கொண்டு அம்மனுக்கு முகம் காட்டுவார்கள். காலையில் ஏன் கோயிலுக்கு முன்னாலேயே எடுப்பதில்லை என்று கேட்டால், அம்மன் பார்த்துக்கொண்டிருப்பாளாம். வளைவு திரும்பிவிட்டால் அவளுக்குத் தெரியாதாம். ஊரையே காக்கிற தெய்வத்தின் கண்ணை ஒரு வளைவு மறைத்துவிடும் என்று நம்புகிறவர்களை என்ன செய்வது?

யாரும் இவர்களிடம் பொட்டை எடு என்று சொன்னதில்லை. கலவரத்தில் தோட்டத்து லயக் குடியிருப்புகள் எரிந்த வருஷங்களில் உயிருக்குப் பயந்து தாய்மார்கள் எடுத்தார்கள். எரித்தவர்களும் இப்போது இல்லை, எரிந்த லயங்களுக்குக் கூரையும் போட்டாயிற்று. கை மட்டும் அந்தப் பழக்கத்தை விடவில்லை.

லக்ஷிகா இந்தப் பஸ்ஸில்தான் வளர்ந்தாள். அம்மா புஷ்பம் ரப்பர் பால் வெட்டுகிறவள். அப்பா காத்தமுத்து இவள் பள்ளிக்கூடம் சேருமுன்பே போய்ச் சேர்ந்துவிட்டார். அக்கா விஜயகலா படிப்பை நிறுத்திவிட்டு வேலைக்குப் போய்த் தங்கச்சியைப் படிக்க வைத்தாள். தங்கச்சி டீச்சராகி வருவாள் என்று லயமே காத்திருந்தது. அவளோ கொழும்பில் சித்திரம் படித்தாள், பிறகு சித்திரத்தையும் விட்டுவிட்டுத் தன் உடம்பையும் முகத்தையுமே வைத்து நிகழ்ச்சி செய்வதும் வீடியோ எடுப்பதுமாகக் கிளம்பிவிட்டாள்.

"கூத்தா?" என்று கேட்டாள் புஷ்பம்.

"கூத்து மாதிரிதாம்மா. ஆனா கத கெடையாது."

"கத இல்லாட்டி சனம் எப்பிடி உக்காந்து பாக்கும்?"

நியாயமான கேள்விதான். ஆனாலும் கொழும்பில் சனம் பார்த்தது. ஒரு தடவை லக்ஷிகா மண்டபத்தின் நடுவில் நாற்காலி போட்டு உட்கார்ந்து, வருகிறவர்கள் தன்னை எப்படி வேண்டுமானாலும் அலங்கரிக்கலாம் என்று விட்டாள். ஒரு பெரிய மனுஷி கையைக் காட்டித் தேயிலைக் கொழுந்துக் கூடை ஒன்றை வரவழைத்து, அதன் கயிற்றை அவள் தலையில் மாட்டிவிட்டுப் படம் எடுத்துக்கொண்டாள். தோட்டத்துப் பெண் என்றால் கூடை என்பது அவர்கள் கணக்கு. ரப்பர் தோட்டத்தில் பிறந்த லக்ஷிகா அன்றுவரை கொழுந்துக் கூடையைத் தொட்டதுகூட இல்லை. அன்றைக்கு வந்த கோபத்தில்தான், தன்னைத் தானே காட்டுவது என்று அவள் முடிவு செய்தாள். பிறர் மாட்டிவிடுகிற எதையும் இனிமேல் மாட்டிக்கொள்வதில்லை.

அப்படிப் பிறந்ததுதான் 'வளைவு' என்ற வீடியோ. ஊருக்கு வந்து, பல மாதம் காலை பஸ்ஸில் போனாள். முன் கம்பியில் போனைக் கட்டிவைத்து, தினமும் அம்மனைக் கும்பிட்டு, தினமும் வளைவில் பொட்டை உரித்தாள். கண்டக்டர் முதல் வாரம் முறைத்தான், இரண்டாம் வாரம் போனை நேராக்கி விட்டான். பஸ்ஸில் இருந்தவர்கள் அவள் ஏதோ டிக்டொக் செய்கிறாள் என்று விட்டுவிட்டார்கள். ஒவ்வொருவரிடமும் கேட்டு, சம்மதிக்காதவர்களின் முகங்களை வெட்டிவிட்டாள்.

ஒருத்தியிடம் மட்டும் கேட்கவில்லை. அக்காதானே என்று விட்டுவிட்டாள்.

விஜயகலா அந்தப் படத்தில் இரண்டு சீட் தள்ளி ஜன்னலோரம் இருந்தாள். வளைவில் பொட்டை உரித்தாள். ஹோட்டல் சட்டையில் குத்தியிருந்த பெயர்ப் பட்டையைத் திருப்பி அதன் முதுகில் ஒட்டினாள். பிறகு ஜன்னல் கண்ணாடியைப் பார்த்து உதட்டை மட்டும் அசைத்து, சத்தமில்லாமல், சிங்களத்தில் வணக்கம், 'ஆயுபோவன்' என்று சொல்லிப் பார்த்தாள். சொல்லும்போது அவள் முகம் வேறொருத்தியின் முகமாக மாறியது. வீடியோவை வெட்டி ஒட்டும்போது லக்ஷிகா அந்த இடத்தைத் திரும்பத் திரும்ப ஓட்டிப் பார்த்தாள். தான் மாதக்கணக்கில் செய்த அத்தனையும் அந்த ஒரு காட்சிக்கு முன்னால் வெறும் பாவனை என்று அவளுக்குத் தெரிந்தது. தெரிந்தும் அக்காவிடம் வாயைத் திறக்கவில்லை. கேட்டால் வேண்டாம் என்பாள் என்று பயம்.

கொழும்பிலிருந்து பளீலா பேசியபோது கதை இறுகத் தொடங்கியது. பளீலா கலைஞர்களுக்கு முகாம் நடத்துகிறவள், நல்ல மனசுக்காரி, எதையும் யோசிக்குமுன் ஏற்பாடு செய்துவிடுவாள். முகாமின் கடைசி நாளில் 'வளைவு' திரையிடப்படும், உங்கள் பக்கத்திலேயே, கித்துல்கலயில், ஆற்றோரத்து ஹோட்டலில் என்றாள். லக்ஷிகா சரி என்றாள். ஹோட்டலின் பெயரைப் பிறகுதான் கேட்டாள். விஜயகலா பத்து வருஷத்துக்கு மேலாக அறைகள் சுத்தம் செய்து, சாப்பாடு பரிமாறி, இந்த மாதம் அறைப் பகுதிக்கு சூப்பர்வைசர் ஆகப்போகிற அதே ஹோட்டல்.

திரையிடலுக்கு முந்தின நாள் சாயங்காலம் விஜயகலா சட்டைக்கு இஸ்திரி போட்டுக்கொண்டிருந்தாள்.

"அக்கா, நாளைக்கி என் படம் ஒங்க ஹோட்டல்லதான் காட்டுறாங்க."

இஸ்திரிப் பெட்டி நின்றது. "என்னா படம்?"

"பஸ்ல எடுத்தது."

"அதுல நான் இருக்கேனா?"

"பின்னால... கொஞ்சம்."

"காட்டு."

லக்ஷிகா போனைக் கொடுத்தாள். விஜயகலா பார்த்தாள். முடிந்ததும் இன்னொரு தடவை பார்த்தாள். சட்டை கருகுகிற வாசம் வந்து புஷ்பம் ஓடி வந்து பெட்டியைத் தூக்கி வைத்தாள்.

"நான் அங்க சிங்களம்டி."

"பொட்டு இல்லாமத்தான் போற, அது எனக்குத் தெரியுமே."

"ஒனக்கு ஒண்ணும் தெரியாது. எல்லாரும் பொட்டத்தான் எடுக்குறாளுங்க. நான் ஊரையே மாத்திச் சொல்லிருக்கேன். தெரணியகல பக்கம் வீடுன்னு சொல்லிருக்கேன். பொசோன் பண்டிகைக்கு வெள்ளச் சட்ட போட்டுக்கிட்டு அவங்களோட பன்சலைக்குப் போயி புத்தரக் கும்பிட்டிருக்கேன். எனக்குக் காய்ச்சல் வந்தப்ப பாக்க வர்றோம்னாங்க, ரோட்டுல மண்ணு சரிஞ்சி கெடக்கு, வராதீங்கன்னு பொய் சொன்னேன். அம்மா பேரக் கேட்டா புஷ்பான்னு சொல்றேன். சொந்த அம்மாடி."

புஷ்பம் கருகிய சட்டையைக் கையில் வைத்து நீவினாள்.

"இப்ப அந்தக் காலம் இல்லக்கா. தமிழுன்னா யாரும் வேலைய விட்டுத் தூக்க மாட்டாங்க."

"தமிழுன்னு தூக்க மாட்டாங்க. பொய்க்காரின்னு தூக்குவாங்க. சாவிக்கொத்தக் கையில குடுக்கப்போற நேரத்துல, இவ பேசினதெல்லாம் பொய்யின்னு தெரிஞ்சா எவன் குடுப்பான்? அழிச்சிரு அத."

"அத எடுத்தா படமே இல்லக்கா."

"அப்ப படம் வேணாம். ஒன் மொகத்த நீ காட்டு, நாலு ஊருக்குக் காட்டு, நான் கேக்க மாட்டேன். என் மொகத்தக் காட்ட நீ யாரு?"

கூடையை மாட்டிவிட்ட அந்தப் பெரிய மனுஷியை லக்ஷிகாவுக்கு ஏனோ ஞாபகம் வந்தது. ஞாபகம் வந்ததும் எரிச்சலாக இருந்தது. அக்காவின் முகத்தை நாளை காட்டுவதற்கு முன் மறைத்துவிடுவதாகச் சத்தியம் பண்ணிக் கொடுத்தாள்.

சத்தியம் பண்ணியவள் உடனே உட்கார்ந்து செய்தாளா? இல்லை. மறுநாள் ஹோட்டலுக்கு வந்து, பகல் சாப்பாடு முடிந்து, மற்றவர்கள் ஆற்றில் காலை நனைக்கப் போன பிறகுதான் லெப்டொப்பைத் திறந்தாள். காட்சியை வெட்டிப் பார்த்தாள், வீடியோ சப்பென்று விழுந்தது. திரும்ப வைத்தாள். மனசு பேரம் பேசியது. திரை போட்ட இருட்டு மண்டபம், ஹோட்டல் ஆட்கள் உள்ளே வரவா போகிறார்கள், யாருக்கு அடையாளம் தெரியப்போகிறது? மூன்று மணிவரை இப்படியே போனது. அவள் அதை அப்படியே விடத்தான் இருந்தாள்.

கதவு திறந்து விஜயகலா தட்டோடு வந்தாள். கூடவே பளீலா வந்தாள்.

"தே த, கோப்பி த மிஸ்?"

தேத்தண்ணியா கோப்பியா என்று கூடப்பிறந்தவள் சிங்களத்தில் கேட்கிறாள், மிஸ் என்று கூப்பிட்டு. குரலில் சின்னப் பிசகுகூட இல்லை. ஆனால் தட்டில் கோப்பைகள் கிணுகிணுத்தன. அவள் கண்கள் லெப்டொப்பின் பக்கம் போய்த் திரும்பின. சட்டையில் பெயர்ப் பட்டை: விஜயா. அதன் முதுகில் என்ன ஒட்டியிருக்கிறது என்று அந்த அறையில் இரண்டு பேருக்குத்தான் தெரியும்.

"தே. ஸ்தூதி," என்று நன்றி சொன்னாள் லக்ஷிகா.

"இந்த ஹோட்டல் ஆட்களையும் படம் பார்க்க வரச்சொல்லிட்டேன்," என்றாள் பளீலா சந்தோஷமாக. "மெனேஜர்கூட வாறாராம். பாவம், நாள் முழுக்க நமக்காக ஓடுறாங்க."

இருவரும் வெளியே போனதும் லக்ஷிகா அக்காவின் முகத்தின் மேல் ஒரு கறுப்பு வட்டத்தை வைத்தாள். பஸ் குலுங்கும்போது முகம் நகரும், வட்டமும் கூடவே நகர வேண்டும், ஒரு இடத்தில் தவறினாலும் தெரிந்துவிடும். காட்சி முழுக்க வட்டத்தை நகர்த்தி நகர்த்தி வைத்தாள். பெயர்ப் பட்டைக்கு இன்னொரு வட்டம். பளீலா வந்து கதவைத் தட்டியபோதுதான் வேலை முடிந்தது.

மண்டபம் நிறைந்திருந்தது. முன்னால் கலைஞர்கள், இரத்தினபுரியிலிருந்து வந்த மாணவர்கள். பின் சுவரோரம் மெனேஜர், சமையல்காரர்கள், அறைப் பெண்கள். விஜயகலா அவர்கள் நடுவில், சமையலறைக் குசுமாவின் பக்கத்தில், காலித் தட்டை நெஞ்சோடு பிடித்தபடி நின்றாள். லக்ஷிகா திரைக்குப் பக்கத்தில் உட்கார்ந்து திரையைப் பார்க்காமல் அக்காவையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

பஸ் இறங்கியது. அம்மன் கோயில் வந்தது, போனது. வளைவு வந்தது. கறுப்பு வட்டம் வந்தபோது முன்வரிசை நிமிர்ந்து உட்கார்ந்தது. வட்டத்தின் கீழே ஒரு கை உயர்ந்து, மேலே மறைந்து, எதையோ உரித்துக்கொண்டு இறங்கியது. முகம் தெரியவில்லை. எங்கும் தவறவில்லை. விஜயகலாவின் தோள் மெல்ல இறங்குவதை லக்ஷிகா பார்த்தாள்.

ஆனால் வீடியோ அதோடு முடியவில்லை. கடைசியில் லக்ஷிகாவின் நெற்றி மட்டும் வரும். பொட்டை உரித்த பிறகு, அசையாமல், நெடுநேரம். போனிலும் லெப்டொப்பிலும் அவள் அதை நூறு தடவை பார்த்திருக்கிறாள். அதில் தெரிந்த லேசான வெளிறலை ஜன்னல் வெளிச்சம் என்று நினைத்திருந்தாள். இப்போது சுவர் முழுக்க அவள் நெற்றி நின்றது. நடுவில் சோற்றுத் தட்டளவுக்கு ஒரு வட்டம், சுற்றியிருந்த தோலைவிட வெளுத்து, விளிம்பு கோடு கிழித்தது போலத் தெளிவாகத் தெரிந்தது. வருஷக்கணக்காகப் பொட்டு ஒட்டி ஒட்டிப் பசை தின்ற இடம். பொட்டை எடுத்தாலும் பொட்டு அங்கேதான் இருந்தது.

மண்டபத்தில் யாரும் அசையவில்லை. பின்வரிசையில் குசுமா மட்டும் மெதுவாகத் தலையைத் திருப்பி, பக்கத்தில் நின்ற விஜயகலாவின் நெற்றியைப் பார்த்தாள். விஜயகலாவின் கை தானாக நெற்றிக்குப் போனது. குசுமா குனிந்து அவள் காதில் ஏதோ சொன்னாள். லக்ஷிகாவுக்குக் கேட்கவில்லை. தட்டு விழுந்த சத்தம்தான் கேட்டது.

விளக்கைப் போட்டார்கள், கை தட்டினார்கள். ஒரு மாணவி எழுந்து சிங்களத்தில் கேட்டாள்: அந்தக் கறுப்பு வட்டத்துக்குப் பின்னால் இருக்கிற பெண் யார்?

"அருமையான கேள்வி!" என்றாள் பளீலா.

எல்லோரும் லக்ஷிகாவைப் பார்த்தார்கள். மெனேஜரும் பார்த்தார். குனிந்து தட்டை எடுத்துக்கொண்டிருந்த விஜயகலா அப்படியே நின்றாள்.

"தெரியாது," என்றாள் லக்ஷிகா சிங்களத்தில். பிறகு தமிழிலும் சொன்னாள். "பஸ்ல வந்த யாரோ ஒருத்தங்க. எனக்குத் தெரியாதவங்க."

அக்கா கேட்டது அதைத்தான். அக்காவைக் காப்பாற்றவும் அதுதான் வழி. ஆனாலும் அந்தச் சொல் வாயை விட்டுப் போனதும் விஜயகலா நிமிர்ந்து பார்த்த பார்வையை லக்ஷிகாவால் தாங்க முடியவில்லை. நடுச்சந்தையில் கைவிடப்பட்ட பிள்ளையின் முகம் அது.

சாயங்கால பஸ்ஸில் இருவரும் பக்கத்தில் பக்கத்தில் உட்கார்ந்து வந்தார்கள்.

"குசுமாக்கா என்னா சொன்னிச்சி தெரியுமா?" என்றாள் விஜயகலா, யட்டியாந்தோட்டை பஜாரைத் தாண்டியதும். "ஓயாட்டத் தியெனவனே. ஒனக்கும் இருக்கேன்னு. நான் அப்பிடியே வெறச்சிப்போயிட்டேன். பயப்படாதங்கிச்சு. வேலைக்கு வந்த மொத வாரமே எல்லாருக்கும் தெரியுமாம். மெனேஜருக்கும் தெரியுமாம். நீயா மறைக்கிற, அத நாம எதுக்குக் கேக்கணும்னு விட்டுட்டாங்களாம்."

"அப்ப நல்லதுதானேக்கா. ஒன் வேல..."

"வாய மூடு." கண்ணில் நீர் வராமல் அவள் குரல் மட்டும் உடைந்தது. "பத்து வருசத்துக்கு மேல. தெரணியகல வீடு, மண்ணு சரிஞ்ச கத, புஷ்பா அம்மா. எல்லாத்தையும் கேட்டுக்கிட்டு, சரி விஜயா, சரி விஜயான்னு தலைய ஆட்டியிருக்காங்க. நான் மறஞ்சி நிக்கிறேன்னு நெனச்சேன்டி. நடுவுல நின்னு ஆடியிருக்கேன். நீயாச்சும் போனக் கட்டி வச்சி ஆடுன."

அவர்கள் நல்ல மனசோடு விட்டிருக்கலாம். நல்ல மனசும் சில நேரம் செருப்பால் அடித்த மாதிரி இருக்கும் என்பதை லக்ஷிகா அன்றைக்குப் பார்த்தாள். வளைவு வந்தது. பஸ்ஸில் கைகள் நெற்றிக்குப் போயின. விஜயகலா பெயர்ப் பட்டையைத் தொடவில்லை. முதல் தடவையாகப் பொட்டில்லாத நெற்றியோடு அம்மனைத் தாண்டினாள், கும்பிடவும் இல்லை.

காலையில் லக்ஷிகா எழுந்தபோது விஜயகலா குளித்து, கருகாத இன்னொரு சட்டை போட்டு, கண்ணாடி முன்னால் நின்றுகொண்டிருந்தாள். நெற்றியில் புதுப் பொட்டு. விரல் அதன் மேலேயே இருந்தது.

"வச்சிக்கிட்டுப் போனா, மாட்டிக்கிட்டா, அதான் வச்சிட்டு வந்திருக்கான்னு நெனப்பாங்க. எடுத்துட்டுப் போனா, இன்னும் நடிக்கிறாளேன்னு நெனப்பாங்க. நான் என்னா செய்ய? சொல்லு. நீதான இதுக்கெல்லாம் படம் காட்டுறவ."

கேள்வியை மண்டபத்தில் வைத்துக் கைதட்டல் வாங்கத் தெரிந்தவளுக்கு, அக்கா இந்த நெற்றியோடு எப்படி வேலைக்குப் போவாள் என்று சொல்லத் தெரியவில்லை. அது அவளுக்கு வெட்கமாக இருந்தது.

"நான் கூட வாரேன்," என்றாள்.

"போன வச்சிட்டு வா."

போனை அம்மாவிடம் கொடுத்துவிட்டுப் போனாள். பஸ்ஸில் விஜயகலா அவள் மணிக்கட்டை இறுக்கிப் பிடித்துக்கொண்டாள். அம்மன் கோயில் வந்தது. வளைவு வந்தது. முன் சீட்டிலும் பின் சீட்டிலும் கைகள் உயர்ந்தன. விஜயகலாவின் விரல்கள் லக்ஷிகாவின் கையில் இன்னும் அழுத்தமாகப் பதிந்தன. தன் கை நெற்றிக்குப் போகாமல் இருக்க அவளுக்குப் பிடித்துக்கொள்ள ஏதோ ஒன்று வேண்டியிருந்தது. பஜார் போனது, கித்துல்கலயும் வந்தது. இறங்கி நடக்கும்போதும் அவள் பிடியை விடவில்லை.

ஹோட்டல் கேற்றில் காவல்காரக் கிழவர் எழுந்து நின்றார். விஜயகலாவின் நெற்றியைப் பார்த்தார். நேற்றுத் திரைக்குப் பக்கத்தில் உட்கார்ந்திருந்த லக்ஷிகாவைப் பார்த்தார்.

"மே மகே நங்கி," என்றாள் விஜயகலா. இது என் தங்கச்சி.

கிழவர் எப்போதும் போலக் கேற்றைத் திறந்தார். "குட் மோர்னிங் விஜயா," என்றார், தினமும் சொல்கிற அதே குரலில்.

உள்ளே நாலடி போனதும் விஜயகலா நின்றாள். தங்கச்சியின் தோளில் முகத்தைப் புதைத்துச் சத்தமாக அழுதாள். அவள் நெற்றிப் பொட்டு லக்ஷிகாவின் சட்டையில் ஒட்டிக்கொண்டது. லக்ஷிகா அதை உரித்து, வெளுத்த வட்டத்தின் மேல் சரியாகப் பொருந்தும்படி திரும்ப வைத்து அழுத்திவிட்டாள்.

"நேரமாச்சு," என்று மூக்கைத் துடைத்துக்கொண்டு விஜயகலா வேலைக்குப் போனாள்.